நோத்ர் டாம் ஜெர்மன் மேடை ஏறிய கதை: எஸ்மெரால்டாவை ஏன் சாகவிட்டார்கள்?

#1 கோபுரவாசி (பெர்லின்)

போன ஞாயிறு பழஞ்சாமான் சந்தையில் இரண்டு யூரோவுக்கு ஒரு சிடி வாங்கினேன். மூடியில் விரிசல், உள்ளே இருந்த பாட்டுப் புத்தகம் மட்டும் புதிது போல. ‘டெர் க்ளோக்னர் ஃபோன் நோத்ர் டாம்’, 1999 பெர்லின் மேடைப் பதிவு. மூன்று நாளாக ரயிலில் போகும்போதும் வரும்போதும் இதுதான்.

தெரியாதவர்களுக்கு: பாரிஸின் நோத்ர் டாம் தேவாலயத்தைச் சுற்றி நடக்கும் விக்தோர் ஹ்யூகோவின் 1831 நாவலை டிஸ்னி 1996இல் கார்ட்டூன் படமாக எடுத்தது. அதில் கூத்துக்காரி எஸ்மெரால்டா பிழைத்துக்கொள்வாள், கேப்டன் ஃபீபஸோடு சேர்ந்துவிடுவாள், ஊரே கோவில் மணியடிக்கும் கூனன் குவாசிமோடோவைத் தோளில் தூக்கிக் கொண்டாடும். சுபம். மூன்றே வருடம் கழித்து, 1999 ஜூன் 5 அன்று, அதே டிஸ்னி அதே கதையை பெர்லினில் ஜெர்மன் மொழியில் மேடையேற்றுகிறது. இசை அதே ஆலன் மெங்கன், பாடல்கள் அதே ஸ்டீபன் ஷ்வார்ட்ஸ். வசனமும் இயக்கமும் ஜேம்ஸ் லப்பீன், ஜெர்மன் வடிவம் மிஷாயேல் குன்ஸெ. இங்கே எஸ்மெரால்டா குவாசிமோடோவின் கையில் செத்துப்போகிறாள். அவன், அவள் மேல் வெறிகொண்ட ஃப்ரோல்லோவைத் தூக்கிக் கோபுரத்திலிருந்து கீழே போடுகிறான்.

அமெரிக்காவுக்கு வெளியே டிஸ்னி முதன்முதலாக அரங்கேற்றிய மியூசிக்கல், அதாவது பாட்டு நாடகம், இது. அதற்கென்று கிடைத்த இடமும் சாதாரண இடமில்லை. போட்ஸ்டாமர் ப்ளாட்ஸ், பத்து வருடம் முன்புவரை பெர்லின் சுவர் குறுக்கே போன வெட்டவெளி. ரென்ஸோ பியானோ வடிவமைத்த புத்தம்புது அரங்கம் இந்த நாடகத்தோடுதான் திறந்தது. இப்போது பிப்ரவரியில் பெர்லினாலே திரைப்பட விழாவுக்குச் சிவப்புக் கம்பளம் விரிக்கிறார்களே, அதே கட்டடம்.

என் கேள்வி: அதே கம்பெனி, அதே இசை. முடிவை மாற்றியது எது? மொழியா, மேடையா, ஊரா?

#2 பக்கம்தின்னி (திருச்சி)

கேள்வியைத் தலைகீழாகப் போட்டிருக்கிறீர்கள். பெர்லினில் ஏன் செத்தாள் என்று கேட்கக்கூடாது, கார்ட்டூனில் ஏன் பிழைத்தாள் என்று கேட்க வேண்டும். ஹ்யூகோ அவளைத் தூக்கில் போட்டுவிட்டார். கடைசிப் பக்கத்தில் மோன்ஃபோகோன் பிணக்கிடங்கில் இரண்டு எலும்புக்கூடுகள் கிடக்கும். முதுகெலும்பு வளைந்த ஒன்று மற்றொன்றைக் கட்டிக்கொண்டிருக்கும். பிரிக்கப் போனால் பொடியாக உதிர்ந்துவிடும். அந்தப் பக்கத்தைப் படித்தவன் கார்ட்டூன் முடிவைப் பார்த்தால் டிவியை அணைக்கத்தான் செய்வான்.

எனக்கு இன்னொரு ஆற்றாமை. நாவலின் பெயர் ‘நோத்ர் டாம் த பாரி’. கதாநாயகன் கூனனும் இல்லை, கூத்துக்காரியும் இல்லை, கோவில். மரத்தையும் கல்லையும் இடித்துத் தள்ளிக்கொண்டிருந்த ஊருக்கு ஒரு கட்டடத்தைப் பார்க்கக் கற்றுக்கொடுக்க ஹ்யூகோ எழுதியது. 1840களில் அந்தக் கோவிலைப் புதுப்பிக்கக் கிளம்பியதற்கு இந்த நாவலும் ஒரு காரணம். அந்தப் பக்கங்களை யார் பாட்டாகப் போட முடியும்?

#3 கோபுரவாசி

பெயர் பற்றிச் சொன்னீர்களே, அதில் ஒரு வேடிக்கை. ஆங்கிலத்தில் அவன் ‘கூனன்’, உடம்பை வைத்துப் பெயர். ஜெர்மனில் ‘க்ளோக்னர்’, மணியடிப்பவன், தொழிலை வைத்துப் பெயர். இரண்டுமே ஹ்யூகோ வைத்தது இல்லை என்றாலும் இரண்டும் ஒன்றில்லை. திரை விலகுவதற்கு முன்பே ஜெர்மன் பார்வையாளன் மனதில் அவன் ஒரு வேலைக்காரனாக நிற்கிறான்.

கோவில் விஷயத்துக்கு: 1999 மேடையில் பெரிய பெரிய பெட்டிகள் ஹைட்ராலிக்கில் மேலே எழும்பும், கீழே அமிழும், நகரும். அவற்றின் மேல் படம் விழும். ஒரு நிமிடம் கோபுரம், அடுத்த நிமிடம் சந்தை. பார்த்தவர்கள் பலர் கதையைவிட அந்தப் பெட்டிகளைத்தான் ஞாபகம் வைத்திருக்கிறார்கள். உங்கள் கதாநாயகனுக்கு வேடம் கிடைத்துவிட்டது, வசனம்தான் இல்லை.

#4 வியன்னா விசிறி

முடிவு ஏன் மாறியது என்பதற்கு “ஜெர்மன்காரர்கள் சீரியஸானவர்கள்” என்று யாராவது ஆரம்பிப்பதற்குள் நான் முந்திக்கொள்கிறேன். அது சோம்பேறிப் பதில்.

1992 செப்டம்பரில் வியன்னாவின் தியேட்டர் ஆன் டெர் வீனில் ‘எலிசபெத்’ வந்தது. அதே மிஷாயேல் குன்ஸெ எழுத்து, சில்வெஸ்டர் லெவாய் இசை. ஆஸ்திரியப் பேரரசி எலிசபெத்தின் கதை. அவள் காதலன் யார் தெரியுமா? மரணம். ராக் பாடகன் மாதிரி ஒரு கவர்ச்சியான மரணம். கதை சொல்பவன் அவளைக் குத்திக் கொன்ற லுக்கேனி. வருடக்கணக்கில் ஓடியது. 1997இல் ‘டான்ஸ் டெர் வாம்பீரெ’, ரோமன் போலன்ஸ்கியே தன் பழைய படத்தை மேடைக்கு இயக்கினார். கடைசியில் ஜெயிப்பது ரத்தக் காட்டேரிகள்! அதற்கும் கூட்டம்.

ஆக 1999க்குள் ஜெர்மன் மொழி மியூசிக்கல் பார்க்கிறவர்களுக்கு நாயகி சாவதும் தீயவன் ஜெயிப்பதும் பழகிப்போன சமாச்சாரம். அவர்களுக்கு எழுதிப் பழகிய கைதான் இந்தக் கதைக்கும் ஜெர்மன் வடிவம் கொடுத்தது. முடிவை குன்ஸெ மாற்றினார் என்று நான் சொல்லவில்லை, அது வசனம் எழுதிய லப்பீனின் வேலை. ஆனால் அந்த முடிவை வாங்கிக்கொள்கிற நாற்காலிகள் அங்கே தயாராக இருந்தன.

#5 சும்மா வந்தவன்

நாற்காலி தயாராகத்தான் இருக்கும், அதன் விலையைக் கேட்டால்தான் நமக்கு முன்னாலேயே எஸ்மெரால்டா மயங்கி விழுவாள். பால்கனிக் கடைசி வரிசை போதும் என்று ஆன பிறகும் மூன்று வேளை சாப்பாட்டுக் காசு. சரி, நீங்கள் பேசுங்கள்.

#6 மெட்டுக்காரன்

கீபோர்ட் வாசிக்கிறவன், கல்யாணக் கச்சேரிகளுக்கு மெட்டுக்குப் பாட்டெழுதிக் கொடுக்கிறவன் என்ற முறையில் என் பங்கு. எல்லோரும் கதையைப் பிடித்துக்கொண்டிருக்கிறீர்கள். மெட்டு ஏற்கெனவே இருக்கிறது, அதற்குள் வேறொரு மொழியை உட்கார வைக்க வேண்டும் என்பதுதான் உண்மையான தலைவலி. நம் ஊர் டப்பிங் பாட்டு எழுதுகிறவருக்கு உதட்டசைவு எதிரி. மேடையில் உதட்டைப் பற்றிக் கவலை இல்லை, மூச்சுதான் எதிரி.

மூன்று பாட்டின் தலைப்பை மட்டும் எடுத்துக்கொள்கிறேன். தத்தகாரம் போட்டுப் பாருங்கள்.

ஒன்று, குவாசிமோடோ வெளியுலகை நினைத்து ஏங்கும் ‘அவுட் தேர்’. இரண்டு அசை, இரண்டுமே கனம். ‘தான் தா...’ என்று இரண்டாவதைப் பிடித்து நெஞ்சு விரியப் பாடலாம். ஜெர்மனில் தலைப்பு ‘ட்ராவ்ஸன்’, வெளியே. அர்த்தம் அச்சு அசல். ஆனால் முதல் அசைதான் கனம், இரண்டாவது ‘ஸன்’ என்று பாதி விழுங்கப்படும் அசை. நெடில் கேட்கிற இடத்தில் ஒற்றடைத்த குறிலைக் கொடுத்த மாதிரி. பாடுகிறவன் முதல் அசையிலேயே சாமர்த்தியம் காட்ட வேண்டும்.

இரண்டு, ‘சம்டே’. ஜெர்மனில் ‘ஐன்மால்’. இரண்டு அசை, முதலில் அழுத்தம், அர்த்தமும் ஏறத்தாழ ‘ஒருநாள்’. இப்படி ஒரு சொல் கிடைத்தால் பாட்டெழுதுகிறவன் அன்றைக்கு வேலையை முடித்துக்கொண்டு டீ குடிக்கப் போய்விடலாம்.

மூன்றாவதுதான் என்னைத் தூங்க விடவில்லை. குவாசிமோடோ பாடும் ‘மேட் ஆஃப் ஸ்டோன்’: தா-ன-தா. ஜெர்மன் ‘வீ அவுஸ் ஷ்டைன்’: தா-ன-தா. கச்சிதம். அதுமட்டுமில்லை, ஆங்கிலத்தில் கடைசிச் சொல் ‘ஓ’வில் குவிந்து நிற்கும். ‘ஷ்டைன்’ என்பதை நீட்டினால் ‘ஷ்டா...’ என்று வாய் முழுக்கத் திறந்த ‘ஆ’காரம், கடைசித் துளியில்தான் ‘இன்’ என்று மூடும். உச்சத்தில் நிற்கிற ஆண்குரலுக்கு இது லட்டு. ஆனால் அர்த்தம் நூலிழை நகர்ந்துவிட்டது. ஆங்கிலம் ‘கல்லால் ஆன’ என்கிறது. ஜெர்மன் ‘கல்லால் ஆனதைப் போல’ என்கிறது. அந்த ‘போல’ இருக்கிறதே, அதற்குள் அவன் இன்னும் கல்லாகவில்லை.

#7 பக்கம்தின்னி

மெட்டுக்காரரே, இது தெரியுமா? ஹ்யூகோவிலேயே குவாசிமோடோ கோபுரத்துக் கற்சிலை ஒன்றைப் பார்த்து, “ஐயோ, உன்னைப் போல நானும் கல்லாக இல்லையே” என்கிற மாதிரி புலம்புகிறான். உங்கள் ‘போல’ நாவலிலேயே இருக்கிறது. ஜெர்மன் தலைப்பு தெரிந்தோ தெரியாமலோ ஆங்கிலத்தைத் தாண்டி மூலத்துக்குப் பக்கத்தில் போய் நின்றுவிட்டது.

இதை நான் சொல்ல வேண்டியிருக்கிறதே என்று எரிச்சலாக வருகிறது. தழுவல்களை எனக்குப் பிடிக்காது.

#8 யாழ்நிலா (ஸ்டுட்கார்ட்)

இவ்வளவு பேசியும் ஒருவரும் நீ, நீர், நீங்கள் பக்கம் போகவில்லையே! ஆங்கிலத்தில் எல்லோரும் எல்லோருக்கும் ‘யூ’. ஜெர்மனுக்குக் கொண்டு வந்ததும் ஒவ்வொரு வரியிலும் யார் பெரியவர், யார் நெருக்கம் என்று தீர்மானிக்க வேண்டும். ‘டூ’ என்றால் நீ, ‘ஸீ’ என்றால் நீங்கள். இது ஜெர்மன் படிக்கும் எல்லோருக்கும் முதல் வாரத்திலேயே தெரியும். ஆனால் ஹ்யூகோவின் கதை நடப்பது 1482இல். அங்கே ‘ஸீ’ போட்டால் விழுந்துவிடும். பழைய மரியாதைச் சொல் ‘ஈர்’ வேண்டும்.

இதை நான் பட்டுத் தெரிந்துகொண்டேன். நான் பாடும் சிற்றூர்ப் பாடகர் குழுவில் ஒருமுறை நடுக்காலக் கதை ஒன்றை அரை மணி நேரக் காட்சியாகப் போட்டோம். வசனம் எழுதியவர் பிரபுவைப் பார்த்துக் குடியானவன் ‘ஸீ’ சொல்வதாக எழுதி வைத்திருந்தார். ஒத்திகையில் ஆல்ட்டோ வரிசையிலிருந்த ஒரு பாட்டிக்குச் சிரிப்பு அடங்கவில்லை. “வங்கியில் கடன் கேட்கிற மாதிரி இருக்கிறது” என்றார். இருபது இடத்தில் பென்சிலால் திருத்தினோம். நிகழ்ச்சி அன்று பதற்றத்தில் நானே பழைய ‘ஸீ’யைச் சொல்லிவிட்டேன், அது வேறு கதை.

எங்கட யாழ்ப்பாணத் தமிழில் ‘நீர்’ இன்னும் உயிரோடு இருக்கிறது. அம்மா அப்பாவைப் பார்த்து “நீர் சாப்பிட்டீரோ” என்று கேட்டு வளர்ந்ததால் ‘ஈர்’ எனக்கு அந்நியமாகவே படவில்லை. என்னோடு படித்த ஜெர்மன் பிள்ளைகளுக்கு அது நாடகத்திலும் தேவதைக் கதையிலும் மட்டும் வருகிற சொல்.

இன்னும் ஒன்று. ஜெர்மனில் கடவுள் எப்போதும் ‘டூ’. நாமும் சாமியை ‘நீ’ என்றுதானே கூப்பிடுகிறோம். எஸ்மெரால்டா கோவிலுக்குள் நின்று பாடும் பாட்டின் தலைப்பு ‘ஹில்ஃப் டென் ஃபெர்ஷ்டோஸ்னன்’, ‘ஒதுக்கப்பட்டவர்களுக்கு உதவு’. ‘ஹில்ஃப்’ என்பது நீ-க்கு உரிய ஏவல். உதவு, உதவுங்கள் இல்லை. ஊரில் ஒரு காவலாளியைக்கூட அப்படிக் கூப்பிட முடியாத பெண் கடவுளோடு மட்டும் ஒருமையில் பேசுகிறாள். ஆங்கிலத்தில் இது கேட்கவே கேட்காது.

#9 மெட்டுக்காரன்

அடடா. ‘உதவு’, ‘உதவுங்கள்’ இரண்டுக்கும் நடுவே ஒரு முழுப் பாட்டு இருக்கிறது.

யாழ்நிலா, ஒரு சந்தேகம். ஜெர்மன் பாட்டில் வினைச்சொல் கடைசிக்குப் போகுமாமே?

#10 யாழ்நிலா

ஓம், துணை வாக்கியங்களில். ‘வைல் இஷ் டிஷ் லீபெ’: ஏனெனில்-நான்-உன்னை-நேசிக்கிறேன். முதல் சொல்லைத் தூக்கிவிட்டால் தமிழ் வாக்கியம் அப்படியே. ஆங்கிலத்தில் ‘லவ்’ நடுவிலேயே வந்துவிடும், கடைசி ஸ்வரத்தில் ‘யூ’தான் மிஞ்சும். ஜெர்மனில் ‘நேசிக்கிறேன்’ கடைசி ஸ்வரம்வரை காத்திருக்கும். நீங்கள் எழுதும் பல்லவி மாதிரி.

ஆனால் வினைச்சொற்கள் பாதி ‘அன்’ என்றே முடியும் என்பதால் அதையே இயைபாகப் போட்டுத் தள்ளுகிற சோம்பேறிகளும் உண்டு. நமக்கு எதுகையும் மோனையும் முன்னால் இருக்கும். அவர்களுக்கு எல்லாம் வரிக் கடைசியில். ‘ஹேர்ட்ஸ்’ (இதயம்) வந்தால் அடுத்த வரியில் ‘ஷ்மேர்ட்ஸ்’ (வலி) வரும் என்று ஜெர்மன்காரர்களே கேலி செய்வார்கள். நம் ஊரில் நிலவு வந்தால் கனவு வரும் இல்லையா, அந்த மாதிரி.

#11 வியன்னா விசிறி

பக்கம்தின்னிக்கு ஒரு பரிசு வைத்திருந்தேன், இப்போது தருகிறேன். தழுவல் என்றால் கெடுத்தல் என்கிறீர்கள். ஹ்யூகோவே கெடுத்திருக்கிறார்.

லூயீஸ் பெர்த்தேன் என்ற பெண் இசையமைப்பாளருக்காகத் தன் நாவலை அவரே ஓபராவுக்கான பாடல் வசனமாக எழுதிக் கொடுத்தார். 1836இல் பாரிஸ் ஓபராவில் ‘லா எஸ்மெரால்டா’ என்ற பெயரில் வந்தது. அதில் தூக்கு கிடையாது. ஃபீபஸ் காயத்தோடு ஓடிவந்து அவள் நிரபராதி என்று சொல்லிவிட்டு அவள் மடியில் உயிரை விடுகிறான். எஸ்மெரால்டா பிழைக்கிறாள்! தணிக்கை அதிகாரிகள் ‘பாதிரியார்’ என்ற சொல்லே கூடாது என்றார்கள். நாவலில் மதகுருவான ஃப்ரோல்லோ அங்கே மதகுரு என்று சொல்லப்படாத ஆள் ஆகிவிட்டார். 160 வருடம் கழித்து டிஸ்னி அதே ஆளை நீதிபதியாக மாற்றியபோது எல்லோரும் டிஸ்னியைத் திட்டினோம்.

ஜெர்மன் மொழிக்கும் இது முதல் தடவை இல்லை. ஃப்ரான்ஸ் ஷ்மிட்டின் ‘நோத்ர் டாம்’ ஓபரா 1914இல் வியன்னா அரசவை ஓபராவில் வந்தது. முழு ஓபராவை இப்போது அபூர்வமாகத்தான் போடுகிறார்கள், ஆனால் அதன் இடையிசையை மட்டும் வானொலியில் அடிக்கடி கேட்கலாம்.

#12 பக்கம்தின்னி

மூக்குடைந்தேன். ஹ்யூகோ செய்தால் அது ஆசிரியர் உரிமை என்று சொல்லிப் பார்க்கலாம், நீங்கள் விடமாட்டீர்கள்.

ஆனாலும் டிஸ்னி குவாசிமோடோவுக்குத் தோழர்களாகச் சேர்த்த பேசும் கற்சிலைகளை மன்னிக்க முடியாது.

#13 கோபுரவாசி

1999இல் அவை மூன்று: சார்லஸ், அந்துவான், லோனி. திரையில் குவாசிமோடோவாக நடித்த சார்லஸ் லாட்டன், ஆந்தனி குவின், லான் சேனி மூவர் நினைவாக வைத்த பெயர்கள். கார்ட்டூனில் இருந்த அளவுக்குக் கோமாளித்தனம் இல்லை என்றாலும் இருந்தார்கள்.

2017 ஏப்ரலில் பெர்லின் தியேட்டர் டெஸ் வெஸ்டன்ஸில் வந்த புது வடிவத்தை நேரில் பார்த்தேன். அமெரிக்காவில் 2014, 2015இல் இரண்டு ஊரில் போட்டு, நியூயார்க் பிராட்வேக்குப் போகாமலே நின்றுபோன வடிவம். அதில் சிலைகளுக்குத் தனிப்பெயரும் இல்லை, நகைச்சுவையும் இல்லை. ஃப்ரோல்லோ மறுபடியும் மதகுரு. மேடைக்குப் பின்புறம் பெரிய பாடகர் குழு ஒன்று முழு நேரமும் இருக்கும்.

தொடக்கத்தில் ஒரு காட்சி. நல்ல உடம்போடு ஓர் இளைஞன் நடந்து வருகிறான். நம் கண்முன்னே முதுகில் கூனை மாட்டிக்கொள்கிறான், முகத்தில் கரியைத் தீற்றிக்கொள்கிறான், வாயைக் கோணுகிறான், அப்புறம் குவாசிமோடோ ஆகிவிடுகிறான். பேசும்போது திக்கிக் குழறுகிறான், ஏனென்றால் மணியோசையில் காது போனவன். பாடும்போது மட்டும் தெளிந்த குரல், அது அவன் மனசுக்குள் கேட்கிற குரல். கடைசியில் ஊர்ஜனங்கள் எல்லோரும் முகத்தில் கரி தீற்றிக்கொள்ள, அவன் மட்டும் நிமிர்ந்து நிற்கிறான். அப்புறம் அந்த இரண்டு எலும்புக்கூடுகளைப் பற்றிச் சொல்கிறார்கள். பக்கம்தின்னி, உங்களுக்காகவே. பக்கத்து இருக்கைக்காரர் மூக்கைச் சிந்திய சத்தம் இன்னும் காதில் இருக்கிறது.

ஃப்ரோல்லோ தன் காமத்தோடு மல்லுக்கட்டும் ‘டாஸ் ஃபொயர் டெர் ஹொல்லெ’, நரகத்தின் நெருப்பு. அவர் ‘என் தப்பில்லை’ என்கிற தொனியில் பாடப் பாட, பின்னால் குழு லத்தீனில் ‘மேயா குல்பா’ என்று இடிக்கிறது, ‘என் பிழையே’. லத்தீனை யாரும் மொழிபெயர்ப்பதில்லை. ஆங்கிலம், ஜெர்மன் எதுவானாலும் அந்த வரி அப்படியே நிற்கும்.

#14 வியன்னா விசிறி

மேடைத் தழுவல் என்றால் எனக்கு, அதே பெயருள்ள ஆங்கில நாவலிலிருந்து வந்த ‘ரெபெக்கா’தான் உச்சம். 2006 செப்டம்பர், வியன்னா ராய்முண்ட் தியேட்டர், மறுபடியும் குன்ஸெ–லெவாய். நாவலில் கதை சொல்லும் பெண்ணுக்குப் பெயர் கிடையாது. புத்தகத்தில் ‘நான்’ என்று எழுதிச் சமாளித்துவிடலாம். மேடையில் நடிகர் பட்டியல் அச்சடிக்க வேண்டுமே! அச்சடித்தார்கள்: கதாபாத்திரத்தின் பெயர் ‘இஷ்’. அதாவது ‘நான்’. ஊரெல்லாம் செத்துப்போன முதல் மனைவியின் பெயரையே சொல்லிக்கொண்டிருக்க, உயிரோடு இருப்பவளுக்கு நிகழ்ச்சிக் குறிப்பில்கூடப் பெயர் இல்லை.

யாழ்நிலா சொன்ன ‘ஸீ’யும் ‘டூ’வும் அங்கே இன்னும் கூர்மை. பணக்காரக் கணவன், சம்பளத்துக்கு ஒரு பணக்காரிக்குத் துணையாக இருந்தவள். எந்த வரியில் ‘நீங்கள்’ ‘நீ’யாக மாறுகிறது என்பதை ஜெர்மனில் எழுதுகிறவர் ஏதோ ஓர் இடத்தில் முடிவு செய்தே ஆக வேண்டும். ஆங்கில நாவல் அந்த வம்பிலேயே மாட்டவில்லை.

#15 சும்மா வந்தவன்

நம் பட்டியலில் ‘நான்’ என்று போட்டால், ‘நானாக நடிப்பவர்’ என்று வரும். என் மாமா ஊர் நாடகத்தில் நாற்பது வருடமாக அதைத்தான் செய்துகொண்டிருக்கிறார்.

#16 மெட்டுக்காரன்

இரண்டு நாளாக ‘வீ அவுஸ் ஷ்டைன்’ மெட்டில் தமிழ் வைத்துப் பார்க்கிறேன். மூன்று அசை, கடைசி அசை நெடில், திறந்த வாய். முதலில் ‘கல்லைப் போல்’. அர்த்தம் சரி, ‘போல்’ என்று ‘ஓ’வில் குவிந்து ஆங்கிலக் குழிக்குள்ளேயே விழுகிறது. அப்புறம் ‘கல்லெனவே’, நாலு அசை ஓடிவிட்டது. நேற்று ராத்திரி ‘கல்லாய்ப் போ’ வந்தது, பாடவும் நன்றாக இருக்கிறது.

#17 யாழ்நிலா

அது சாபம் ஐயா! முனிவர் அகலிகையைப் பார்த்துச் சொல்வது. அவன் தன்னைப் பற்றிப் பாடுகிறான்.

#18 மெட்டுக்காரன்

தன்னைத்தானே சபித்துக்கொள்கிறான் என்று வைத்துக்கொண்டால்?

#19 பக்கம்தின்னி

வைத்துக்கொள்ளலாம். ஆனால் ‘ஓ’ பிரச்சினை அப்படியே இருக்கிறதே. ‘ஆ’வில் முடிய வேண்டும் என்று நீங்கள்தானே ஆரம்பித்தீர்கள். ‘கல்லாய் நான்’?

#20 மெட்டுக்காரன்

‘கல்லாய் நான்’. தான் தான் தா... இருங்கள், கீபோர்டை எடுத்துவிட்டு வருகிறேன்.